மலைநாட்டில் ஒளிர்ந்த திரை – 7: மரிக்காரை எழுதியவர்

சென்ற வாரம் 1963இல் வந்த ‘தோட்டக்காரி’யைப் பார்த்தோம். பதின்மூன்று ஆண்டுகள் கழித்து, இலங்கைத் தமிழ்ப் படமொன்று ஊரையே சிரிக்க வைத்தது. அதை எழுதியவர் எஸ். ராமதாஸ். ‘மரிக்கார்’ ராமதாஸ் என்றால் கண்டியில் மூத்தவர்களின் முகம் இன்றும் மலரும்.

தொடக்கம் வானொலியில். இலங்கை வானொலியின் ‘கோமாளிகளின் கும்மாளம்’ தொடரை எழுதியதோடு அவரே அதில் மரிக்காராகவும் நடித்தார். உடன் மூவர்: அப்புக்குட்டியாக ராஜகோபால், உபாலியாகச் செல்வசேகரன், ஐயராக பி. எச். அப்துல் ஹமீட். பாத்திரங்களை அவர்கள் பங்கிட்டுக்கொண்ட விதத்தைக் கவனியுங்கள். முஸ்லிம் முதலாளியின் தமிழை ராமதாஸ் பேசினார். ஐயரின் தமிழை ஒரு முஸ்லிம் பேசினார். சிங்களவர் பேசும் தமிழ் ஒரு தமிழரின் வாயில் வந்தது. அப்புக்குட்டியோடு யாழ்ப்பாணத் தமிழும் சேர்ந்துகொண்டது.

அடுத்தவர் பேச்சைப் பேசிக்காட்டுவது ஆபத்தான வேலை. கொஞ்சம் பிசகினாலும் கேலியாகிவிடும். ஒருவர் பேச்சை இன்னொருவர் ஏற்றுப் பேசியதால் இங்கே எல்லாருக்கும் சமபங்கு கிடைத்தது. எவரும் தனியே நின்று அவமானப்படவில்லை. கண்டிக்கு இந்தச் சிரிப்பு எளிதில் பிடிபட்டது. அக்குறணை வியாபாரியும் ஹந்தானைத் தோட்டத் தொழிலாளியும் சிங்களக் கடைக்காரரும் யாழ்ப்பாணத்து ஆசிரியரும் நாள்தோறும் பேசிப் பழகும் ஊர் இது.

1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் வந்தபின் உள்ளூர்த் தமிழ்ப் படங்களுக்கு வழி திறந்தது. முகம்மது தயாரிக்க, எஸ். ராமநாதன் இயக்க, ‘கோமாளிகள்’ 1976இல் திரைக்கு வந்தது. காதால் மட்டும் அறிந்திருந்த நால்வரைக் கண்ணால் காண மக்கள் படமாளிகைகளுக்குத் திரண்டார்கள். 1978இல் ராமதாஸ் எழுதிய ‘ஏமாளிகள்’ வந்தது. சென்னைப் படங்களின் வசனத்தையே நம் வசனமாகக் கேட்டுப் பழகியிருந்த காலத்தில், இந்தத் தீவில் மக்கள் பேசும் தமிழை நம்பி அவர் எழுதினார். அவருடைய பெரும் பங்களிப்பு என்று நான் சொல்வது இதைத்தான்.

1983 யூலைக் கலவரத்தில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிந்தது. நம் சினிமாவும் அத்தோடு முடங்கியது. பின்னாளில் சென்னைத் தொலைக்காட்சித் தொடர்களில் நடித்த ராமதாஸ், 2016இல் அங்கேயே காலமானார். செல்வசேகரன் அவருக்கு முன்பே, 2012இல் மறைந்துவிட்டார்.

நடிகர் ராமதாஸின் புகழ் எழுத்தாளர் ராமதாஸை மறைத்துவிட்டது. வாரந்தோறும் நான்கு வகைத் தமிழில் நகைச்சுவை எழுதுவது நாவல் எழுதுவதற்குக் குறைந்த உழைப்பா? அந்தப் பிரதிகளும் ஒலிநாடாக்களும் யார் வீட்டுப் பெட்டியில் இருந்தாலும் நூலகங்களுக்கு வந்துசேர வேண்டும். பல்கலைக்கழக மாணவர்கள் அவற்றை இலக்கியமாகவே படிக்க வேண்டும். பேராதனை அதைத் தொடங்கி வைத்தால் மிகப் பொருத்தமாக இருக்கும்.

அடுத்த வாரம், தெளிவத்தை ஜோசப் எழுதிய ‘புதிய காற்று’.

(தொடரும்)