ஆடலூர் நிழலும் எங்க வீட்டு ஹாலும்

ஆடலூர் போயிருந்தப்ப ஒரு காபி நாத்து வாங்கிட்டு வந்தேன். கீழ்ப்பழனி மலையில காபியும் மிளகும் மரங்களுக்கு அடியிலதான் வளருது. நிழல் செடிதானே, ஹால்ல வெச்சாப் போதும்னு நினைச்சேன். மூணு மாசத்துல தண்டு மட்டும் ஜன்னலைப் பார்த்து நீண்டுச்சு. புது இலையெல்லாம் சின்னதா, வெளிறிப்போய் வந்துச்சு.

நான் நம்புனது என் கண்ணை. உச்சி வெயில் சுமார் 1,00,000 லக்ஸ். தோட்டத்து நிழல்லயே பல ஆயிரம் லக்ஸ் இருக்கும். டியூப்லைட் போட்ட ஹால்ல 300 தாண்டுறதே கஷ்டம். கண்பாவை விரிஞ்சு சுருங்கி நம்மளை ஏமாத்திடும். இலைக்கு அந்த வசதி இல்லை. மேல விழுற ஒளியை வெச்சுத்தான் அது சர்க்கரை தயாரிக்கணும்.

அதனாலதான் க்ரோ லைட். அது ஊதா கலர்லதான் இருக்கணும்னு இல்லை. பச்சையம் அதிகமா உறிஞ்சுறது சிவப்பும் நீலமும். ரெண்டுமே வெள்ளை எல்இடியில இருக்கு. ஆனா தூரத்தைக் கவனிங்க. சின்ன பல்பை ரெண்டு மடங்கு தள்ளி வெச்சா, செடிக்குக் கிடைக்கிற வெளிச்சம் கிட்டத்தட்ட கால்வாசி ஆயிடும். நான் 20 வாட் விளக்கை ஒரு அடி உயரத்துல தொங்கவிட்டிருக்கேன். தினம் 12 மணி நேரம், மாசத்துக்கு 7.2 யூனிட். டைமர் கண்டிப்பா வாங்குங்க. "நானே ஞாபகமா அணைச்சிடுவேன்"னு சொன்ன ஆள்தான் நான். ஒரு நாள்கூட அணைக்கலை.

இப்ப வந்திருக்கிற இலை ஜோடி கரும்பச்சையா இருக்கு. பழத்துக்கு இன்னும் மூணு வருஷமாவது ஆகும். அதுவரைக்கும் காபித்தூள் கடையிலதான்.