நடக்க முடியாத ராணி நடத்திய ராஜ்யம்

கி.பி. 958-ம் ஆண்டு. காஷ்மீரத்து மன்னன் க்ஷேமகுப்தன் காய்ச்சல் கண்டு இறந்து போனான். சிதை தயாராயிற்று. மற்ற ராணிகள் உடன்கட்டை ஏறினார்கள். பட்டத்து ராணி தித்தாவும் ஏறப் போவதாகச் சொன்னாள். "அப்படியே ஆகட்டும்" என்று உடனே தலையசைத்துவிட்டான் மந்திரி பல்குணன்.

ஏன் அத்தனை அவசரம்? பல்குணனின் மகளும் அதே மன்னனுக்கு வாழ்க்கைப்பட்டவள். தித்தாவோ மன்னனின் மனத்தை முழுவதும் ஆட்கொண்டிருந்தாள். போதாக்குறைக்கு அவளுக்கு ஒரு மகனும் இருந்தான். அவள் போய்விட்டால் பச்சைப் பாலகன் அபிமன்யு மட்டுமே மிஞ்சுவான். பிறகு ராஜ்யம் யார் கையில் இருக்கும் என்பதை நான் சொல்லவும் வேண்டுமா?

சிதையின் அருகே வந்ததும் தித்தாவின் மனம் மாறியது. நரவாகனன் என்ற மற்றொரு மந்திரி குறுக்கே நின்று தடுத்தான். அவள் பிழைத்தாள். அந்த ஒரு கணம் காஷ்மீரத்தின் அடுத்த நாற்பத்தைந்து ஆண்டுச் சரித்திரத்தையே மாற்றிவிட்டது.

தித்தா யார்? இன்றைய பூஞ்ச் பகுதியில் இருந்த லோஹரம் என்னும் சிறு மலைநாட்டுத் தலைவன் சிம்மராஜனின் மகள். தாய்வழிப் பாட்டனோ புகழ்பெற்ற ஷாஹி மன்னன் பீமன். அவளுக்குக் கால் ஊனம். வல்கா என்ற பெண்தான் அவளைச் சுமந்து செல்வாள். அந்தப் பணிப்பெண்ணை ராணி மறக்கவில்லை. அவள் பெயரிலேயே ஒரு மடம் கட்டுவித்தாள். கணவனோ மனைவி சொல்லைத் தட்டாதவன். ஊரார் அவனைத் 'தித்தா க்ஷேமன்' என்று கேலி செய்தார்கள். அவன் நாணயத்திலும் அவள் பெயரின் முதலெழுத்து சேர்ந்தே இருந்தது!

மகனுக்குப் பட்டம் கட்டி, அவன் சார்பில் ஆட்சியை ஏற்றாள் தித்தா. உடனே கலகம் வெடித்தது. பழைய அரச குடும்பத்துப் பிள்ளைகள் இருவர் படை திரட்டினார்கள். ராணி பதறவில்லை. மகனைப் பத்திரமாக ஒரு மடத்துக்கு அனுப்பிவிட்டு, எதிரணியில் இருந்த அந்தணர்களுக்குப் பொன்னை வாரி வழங்கினாள். கூட்டணி கலைந்தது. நொண்டி என்று இகழப்பட்டவள் பகைக் கடலைத் தாண்டியதைக் கண்டு, 'ராஜதரங்கிணி' எழுதிய கல்ஹணர் அவளை அனுமனுக்கே ஒப்பிடுகிறார்.

ஆனால் வாசகர்களே, இனி வரும் பகுதி இனிமையானது அல்ல. உயிர் காத்த நரவாகனன் மீதே ராணி சந்தேகம் கொண்டாள். அவமானம் பொறுக்காமல் அவன் தற்கொலை செய்து கொண்டான். 972-ல் அபிமன்யு நோயால் இறந்தான். துயரத்தில் சில காலம் கோயில்களும் மடங்களும் கட்டுவதிலேயே அவள் மனம் சென்றது. பிறகு பேரர்கள் மூவர் ஒருவர்பின் ஒருவராக அரியணை ஏறினார்கள். எட்டு ஆண்டுகளுக்குள் மூவரும் மாண்டார்கள். பாட்டியே கொன்றாள் என்பது கல்ஹணரின் தீர்ப்பு. சூனியம் வைத்தாள் என்றுகூட எழுதுகிறார். சூனியத்தை நாம் நம்ப வேண்டியதில்லை. அவர் எழுதியது அவள் காலத்துக்கு ஏறக்குறைய நூற்றைம்பது ஆண்டுகளுக்குப் பின். ஆயினும் மூன்று சாவுகளாலும் லாபம் அடைந்தவள் அவள்தான் என்பதை மறுக்க முடியுமா?

980 வாக்கில் அவள் தன் பெயரிலேயே முடிசூடினாள். பூஞ்சிலிருந்து கடிதம் சுமந்து வந்த துங்கன் என்ற மாடு மேய்ப்பவனை முதல் மந்திரி ஆக்கினாள். ஊர் வம்பு பேசியது. துங்கனோ கலகங்களை அடக்கிக் காட்டினான்.

தனக்குப் பின் யார்? அண்ணன் தம்பி பிள்ளைகளை அழைத்தாள். அவர்கள் முன் பழங்களைக் குவித்து, "யார் அதிகம் எடுக்கிறீர்கள், பார்க்கலாம்" என்றாள். சிறுவர்கள் முட்டி மோதி அடிபட்டார்கள். ஸங்கிராமராஜன் மட்டும் காயமின்றிக் கை நிறையப் பழங்களோடு நின்றான். மற்றவர்களைச் சண்டையில் மூட்டிவிட்டு, தான் ஒதுங்கி நின்று பழங்களைச் சேர்த்துக் கொண்டானாம்! அத்தையின் ரத்தம் அல்லவா? அவனையே இளவரசன் ஆக்கினாள்.

1003-ல் தித்தா மறைந்தாள். ஸங்கிராமராஜன் சச்சரவின்றிப் பட்டத்துக்கு வந்தான். பின்னர் கஜினி முகமது இருமுறை காஷ்மீரத்தின்மேல் படையெடுத்தபோது, அவனைத் தடுத்து நிறுத்தியது தித்தா பிறந்த மண்ணின் லோஹரக் கோட்டைதான்.

ஸ்ரீநகரில் அவள் கட்டிய மடத்தின் பெயர் 'தித்மர்' என்று ஒரு பேட்டையின் பெயராக நிலைத்துவிட்டது. அவளை வணங்குவதா, வெறுப்பதா? ஒன்று மட்டும் நினைத்துப் பாருங்கள்: அன்று சிதையில் ஏறியிருந்தால் அவளை உத்தமி என்று ஒரே வரியில் எழுதி முடித்திருப்பார்கள். அவள் உயிரோடு இருக்கத் துணிந்தாள். அதற்குப் பிறர் கொடுத்த விலையும் அவள் கணக்கில்தான் இருக்கிறது.