லைவ் சாட்டில் நம்மை ஒளித்துவிட்டார்களா? கண்டுபிடிப்பது எப்படி, பிறகு என்ன செய்வது

2023 மே 27, சனிக்கிழமை. அரிக்கொம்பன் கம்பம் ஊருக்குள் வந்த நாள். அதற்கு ஒரு மாதம் முன்னால், ஏப்ரல் 29 அன்று, கேரளத்தின் சின்னக்கானலில் மயக்க ஊசி போட்டுப் பிடித்து, பெரியார் புலிகள் காப்பகத்தில் கொண்டுபோய் விட்ட யானை அது. மேகமலைப் பக்கமெல்லாம் சுற்றிவிட்டு அன்று காலை கம்பம் தெருக்களில் ஓடியது. ஆட்டோக்கள் நொறுங்கின. காயம்பட்ட ஒருவர் சில நாளில் இறந்துபோனார். ஊருக்கு 144 தடை உத்தரவு. ஜூன் 5 அதிகாலை மறுபடி மயக்க ஊசி போட்டுப் பிடிக்கும்வரை பள்ளத்தாக்கு முழுக்க வேறு பேச்சே இல்லை.

நான் அப்போது சென்னையில். பெரியம்மா மகன், எனக்கு அண்ணன், கம்பத்தில் இருக்கிறார். அன்று ராத்திரி இருவரும் ஒரே யூடியூப் லைவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தோம். சேனல் பெயர் வேண்டாம். "யானை இப்ப இங்கதான் நிக்குது" என்று ஒரு தெருப் பெயரைச் சொல்லி வீடியோ ஓடியது. எனக்கு அந்த வீடியோ காலையிலேயே வாட்ஸ்அப்பில் வந்துவிட்டது. ராத்திரி லைவில் பகல் வெளிச்சம் எப்படி வரும்?

சாட்டில் எழுதினேன். "இது காலை வீடியோ." கொஞ்ச நேரம் கழித்து மறுபடி. அப்புறம் மூன்றாவது, நான்காவது. எல்லாம் என் திரையில் அழகாக ஏறியது. அண்ணனுக்கு போன் போட்டு, "அது பழைய வீடியோண்ணே, சாட்ல போட்டுருக்கேன் பாருங்க, எல்லாருக்கும் தெரியட்டும்னு" என்றேன்.

"உம் பேர்ல ஒண்ணையும் காணோமேடா. மொதல்ல ஒண்ணு வந்துச்சு, இப்ப அதையும் காணோம்."

என் திரையில் இருக்கிறது, அவர் திரையில் இல்லை. நெட் பிரச்சினை என்று அன்று விட்டுவிட்டேன். மறுநாள் உட்கார்ந்து சோதித்தபோதுதான் புரிந்தது: அந்த சேனல் என்னை ஒளித்துவிட்டது. நான் சுவரைப் பார்த்துப் பேசிக்கொண்டிருந்திருக்கிறேன்.

இதில் வருத்தம் என் கௌரவம் பற்றியதல்ல. யானை எந்தத் தெருவில் என்பது அன்றைக்கு வேடிக்கைச் செய்தி இல்லை. எந்த வழியாக வீடு திரும்புவது என்ற கேள்வி அது. ஊருக்கே சொல்லிவிட்டோம் என்ற நிம்மதியோடு நான் இருந்தேன். ஒருவருக்கும் சொல்லவில்லை என்பதுதான் உண்மை. அண்ணனுக்குத் தெரிந்ததுகூட போன் போட்டதால்தான். அதன்பிறகுதான் இந்த விஷயத்தைக் கொஞ்சம் தோண்டிப் பார்த்தேன். அந்தக் குறிப்புகள் இங்கே.

கதவைச் சாத்துவதும், சத்தமில்லாமல் ஒளிப்பதும்

நேரலை நடத்துபவர் ஒரு பார்வையாளரை விலக்க இரண்டு வழி உண்டு.

முதல் வழியில் நமக்குத் தெரியும். ட்விட்ச்சில் பேன் செய்தால், உங்களுக்கு இங்கே தடை என்று சாட்டிலேயே சொல்லிவிடும். ஃபேஸ்புக் பக்கத்தில் தடை செய்தால் பதிவுகளைப் பார்க்க முடியும், கமென்ட் போட முடியாது. இன்ஸ்டாகிராமில் ஒருவர் பிளாக் செய்தால் அவருடைய கணக்கே நம் தேடலில் வராது.

இரண்டாம் வழியில் நமக்குத் தெரியாது. யூடியூபில் சேனல்காரர் நம் பெயர் பக்கத்தில் இருக்கும் மூன்று புள்ளியைத் தொட்டு 'இந்தச் சேனலில் ஹைடு செய்' என்று கொடுத்தால் போதும். நமக்கு எந்த அறிவிப்பும் வராது. லைவ் வழக்கம்போல ஓடும். நாம் எழுதுவது நம் திரையில் தெரியும், மற்றவர்களுக்குத் தெரியாது. லைவ் சாட் மட்டுமல்ல, அந்த சேனலின் எல்லா வீடியோக்களின் கமென்ட்டுக்கும் இதே கதி. இன்ஸ்டாகிராமில் 2019இல் வந்த 'ரெஸ்ட்ரிக்ட்' கூட இதே மாதிரிதான்.

எங்கள் தொழில் பாஷையில் சொன்னால், சர்வர் 403 என்று முகத்துக்கு நேராக மறுப்பது முதல் வகை. 200 ஓகே என்று சிரித்தபடி வாங்கி, அப்படியே குப்பையில் போடுவது இரண்டாம் வகை.

இது புதுசு ஒன்றும் இல்லை. பழைய வீபுல்லட்டின் ஃபோரம் மென்பொருளிலேயே இப்படி ஒரு வசதி இருந்தது. அதன் பெயரில் கவென்ட்ரி என்ற இங்கிலாந்து ஊரின் பெயரும் இருந்தது. ஒருவரை எல்லாரும் சேர்ந்து பேசாமல் ஒதுக்கினால் 'கவென்ட்ரிக்கு அனுப்பிவிட்டார்கள்' என்பது அந்த ஊர் வழக்கு. நம் பக்கத்தில் அதற்குப் பெயர் ஊர்விலக்கு. ஆனால் ஒரு பெரிய வித்தியாசம்: ஊர்விலக்கு வைத்தால் ஊருக்கும் தெரியும், விலக்கப்பட்டவனுக்கும் தெரியும். இங்கே சேனல்காரர் ஒருவருக்குத்தான் தெரியும். ஊருக்கும் தெரியாது, நமக்கும் தெரியாது.

ஏன் இப்படி வடிவமைத்தார்கள்? காரணம் நியாயமானதுதான். பெண்கள் நடத்தும் லைவ் சாட்டை ஒரு பத்து நிமிஷம் பார்த்தாலே புரியும். ஆபாசமாக எழுதுகிறவனிடம் 'உன்னைத் தடுத்துவிட்டோம்' என்று சொன்னால், இரண்டே நிமிஷத்தில் வேறு ஜிமெயிலோடு திரும்ப வருவான். சொல்லாமல் விட்டால் தனக்குத்தானே கத்திவிட்டுப் போய்விடுவான். அவனுக்காகச் செய்த பூட்டுதான், திருத்தம் சொல்ல வந்தவன் மேலேயும் விழுகிறது.

அவசரப்பட்டு முடிவு செய்யாதீர்கள்

மெசேஜ் தெரியவில்லை என்றாலே ஒளித்துவிட்டார்கள் என்று அர்த்தமில்லை. வேறு காரணங்களும் உண்டு:

• டாப் சாட். லைவ் சாட்டில் 'டாப் சாட்', 'லைவ் சாட்' என்று இரண்டு பார்வை உண்டு. டாப் சாட் சில மெசேஜ்களை வடிகட்டிவிடும். நண்பர் அதைப் பார்த்துக்கொண்டிருந்தால் உங்கள் மெசேஜ் அவருக்கு வராமல் போகலாம்.

• ஸ்லோ மோடு, சப்ஸ்கிரைபர் மட்டும், மெம்பர் மட்டும். இவை எல்லாருக்கும் பொதுவான கட்டுப்பாடு. பெரும்பாலும் சாட் பெட்டியிலேயே எழுதியிருக்கும்.

• தடைச் சொற்கள், லிங்க். சேனல்காரர் சில சொற்களைத் தடைப் பட்டியலில் போட்டிருக்கலாம், லிங்க்கை முழுசாகத் தடுத்திருக்கலாம். அப்போது ஆள் மேல் கோபமில்லை, அந்த வாக்கியம் மட்டும்தான் போகாது.

• டைம் அவுட். கொஞ்ச நேரத்துக்கு வாயைக் கட்டுவது. தானாக அவிழ்ந்துவிடும்.

• யூடியூபே பிடித்து வைப்பது. ஒரே வரியைத் திரும்பத் திரும்பப் போட்டால் ஸ்பாம் என்று நினைத்துக்கொள்ளும். நான் அன்று செய்ததும் கிட்டத்தட்ட அதுதான், எனவே எனக்கு இந்தச் சந்தேகமும் இருந்தது.

சோதனை

நான் செய்தது இதுதான், பத்து நிமிஷ வேலை.

ஒன்று: சாதாரணமாக ஒரு வரி. "வணக்கம், கம்பத்துல மழையா?" மாதிரி. லிங்க் வேண்டாம், போன் நம்பர் வேண்டாம், திட்டு வேண்டவே வேண்டாம்.

இரண்டு: இன்னொரு போனில், உங்கள் கணக்கு இல்லாமல், அதே லைவைத் திறந்து 'லைவ் சாட்' பார்வைக்கு மாற்றிப் பாருங்கள். உங்கள் வரி அங்கே வருகிறதா?

மூன்று: லைவ் முடிந்துவிட்டால், அதே சேனலின் பழைய வீடியோ ஒன்றில் கமென்ட் போடுங்கள். கணக்கில் நுழையாமல், கமென்ட்டுகளைப் புதியது முதலில் என்று வரிசைப்படுத்தித் தேடுங்கள். சில கமென்ட்டுகள் சேனல்காரரின் ஒப்புதலுக்காகக் காத்திருக்கும், அதனால் ஒரு நாள் விட்டு மறுபடி பாருங்கள்.

நான்கு: சம்பந்தமே இல்லாத வேறொரு சேனலில் இதையே செய்யுங்கள்.

இனி கணக்கு சுலபம். வேறு சேனலிலும் தெரியவில்லையா? பிரச்சினை உங்கள் கணக்கில், அதாவது யூடியூபின் வடிகட்டியில். வேறு சேனலில் தெரிகிறது, இந்த சேனலில் மட்டும் எந்த வீடியோவிலும் தெரியவில்லையா? அநேகமாக உங்களை ஹைடு செய்திருக்கிறார்கள். இந்த சேனலிலேயே சில வரி தெரிகிறது, சில வரி தெரியவில்லையா? சொல் வடிகட்டி.

எனக்கு வந்தது நடு விடை.

இந்தச் சோதனையின் உயிர் இரண்டாவது படியில் இருக்கிறது: மறுமுனையிலிருந்து பார்ப்பது. 1984இல் சால்ட்சர், ரீட், கிளார்க் மூவரும் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை ஒன்று நெட்வொர்க் படித்தவர்களுக்கு நினைவிருக்கும். நடுவில் இருக்கும் கருவிகள் 'அனுப்பியாச்சு' என்று சொல்வது போதாது, சரியாகப் போய்ச் சேர்ந்ததா என்பதை இரு முனைகளும்தான் உறுதி செய்ய முடியும் என்பது அதன் சாரம். நம் அப்பாக்களுக்கு இது கட்டுரை இல்லாமலே தெரியும். மணியார்டர் அனுப்பிய காலத்தில் தபாலாபீஸ் கொடுத்த ரசீதோடு அவர்கள் நின்றதில்லை. வாங்கியவர் கையெழுத்துப் போட்ட துண்டு திரும்பி வந்தால்தான் காசு போய்ச் சேர்ந்ததாக அன்று கணக்கு.

தெரிந்த பிறகு

முதலில் நான் எழுதியதை நானே திரும்பப் படித்தேன். முதல் வரி "இது காலை வீடியோ". நான்காவது வரி "பொய் சொல்லிப் பொழைக்காதீங்க". ஆயிரம் பேர் பார்க்கும் இடத்தில் ஒரு ஆளைப் பார்த்து அப்படிச் சொன்னால், யாராக இருந்தாலும் அந்த பட்டனைத்தான் தேடுவார்கள். விஷயம் சரி, சொன்ன விதம் சரியில்லை. இரண்டையும் ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று.

சேனலின் அறிமுகப் பகுதியில் இருந்த மின்னஞ்சலுக்கு ஒரே ஒரு கடிதம் எழுதினேன். அந்த வீடியோ காலையில் எடுத்தது, தயவுசெய்து நேரம் போட்டு ஒளிபரப்புங்கள், நான் கடுமையாக எழுதியது தப்பு என்று நான்கு வரி. பதில் வரவில்லை. இரண்டாவது கடிதம் எழுதவில்லை. ஒரு தடவை கேட்பது முறையீடு, பத்து தடவை கேட்டால் தொந்தரவு.

வேறு கணக்கு தொடங்கி உள்ளே போகலாமா? முடியும். செய்யாதீர்கள். ட்விட்ச்சில் அது விதிமீறலே. அங்கே தடையை நீக்கக் கேட்டு விண்ணப்பிக்க வழியும் இருக்கிறது. மற்ற இடங்களிலும், உன்னோடு பேச விருப்பமில்லை என்று சொன்னவர் வீட்டில் சுவரேறிக் குதிப்பதுதான் அது. அந்த சேனலில் மாதச் சந்தா கட்டி மெம்பராக இருந்தால், அதை நிறுத்த வேண்டியதும் நாம்தான், பார்த்துக்கொள்ளுங்கள்.

உயிர் சம்பந்தப்பட்ட விஷயமா? சாட்டை நம்பவே வேண்டாம், ஒளிக்கப்படாத நாளிலும்கூட. 112 இருக்கிறது, மாவட்டப் பேரிடர் கட்டுப்பாட்டு அறைக்கு 1077 இருக்கிறது. மறுமுனையில் ஒரு மனிதர் "சரிங்க, எழுதிக்கிட்டேன்" என்று சொல்வதுதான் கையெழுத்துப் போட்ட துண்டு.

திண்ணையா, சாவடியா?

'அவர் என்னை எப்படித் தடுக்கலாம், கருத்துச் சுதந்திரம் இல்லையா?' என்று கேட்கத் தோன்றும். எனக்கும் தோன்றியது. தனியார் சேனல் என்பது அவர் வீட்டுத் திண்ணை. யாரை உட்கார வைப்பது என்பது அவர் இஷ்டம்.

ஊர்ச் சாவடி அப்படி இல்லை, அது எல்லாருக்கும் பொது. அதிகாரத்தில் இருப்பவர் நடத்தும் பக்கம் திண்ணையா சாவடியா என்பதில்தான் சிக்கல். ட்ரம்ப் ட்விட்டரில் தன்னை விமர்சித்தவர்களை பிளாக் செய்தது தவறு என்று 2018இல் நியூயார்க் நீதிமன்றம் சொன்னது, 2019இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் ஒப்புக்கொண்டது. அவர் பதவியை விட்டுப் போனபின் 2021இல் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நீக்கிவிட்டது. பிறகு 2024 மார்ச்சில், மிச்சிகன் மாநிலத்து நகராட்சி அதிகாரி ஒருவர் ஃபேஸ்புக்கில் ஒருவரை பிளாக் செய்த வழக்கில், அதே நீதிமன்றம் ஒரு அளவுகோல் கொடுத்தது: அரசின் சார்பில் பேச அவருக்கு உண்மையிலேயே அதிகாரம் இருந்ததா? அந்தப் பதிவில் அந்த அதிகாரத்தோடுதான் பேசினாரா? இரண்டுக்கும் ஆம் என்றால் மட்டுமே அது அரசின் செயல்.

அமெரிக்கச் சட்டம் நம்மைக் கட்டுப்படுத்தாது. ஆனால் கேள்வி நமக்கும் பொருந்தும். நாளைக்கு அணை திறப்பு அறிவிப்பை ஒரு அலுவலகம் நேரலையில் சொல்லும்போது, கரையோரத்துக்காரர் கேட்கும் கேள்வியை அவருக்கே தெரியாமல் ஒளிக்கலாமா? கூடாது என்பதே என் கட்சி.

அந்த சேனலை இன்னும் பார்க்கிறேன். வீரபாண்டித் திருவிழாவை நன்றாகத்தான் காட்டுகிறார்கள். சாட்டில் எதுவும் எழுதுவதில்லை. ஏதாவது சொல்ல வேண்டியிருந்தால் அண்ணனுக்கு போன் போடுகிறேன். அவர் "ம்" கொட்டினால்தான் சொன்னதாகக் கணக்கு.