உங்களுக்குத் தெரியுமா? பேட்டி கொடுத்தவர்கள் பேனா எடுத்தபோது

ஜப்பானின் பெரிய பொருளாதார நாளிதழ் நிக்கெய். சுசுமி சுசுகி அதில் சுமார் 5 ஆண்டு செய்தியாளராக இருந்தவர். வேலையை விட்ட பின், 2014இல், ஒரு வார இதழ் அவருடைய பழைய தொழிலைத் தெருவுக்கு இழுத்தது: படிக்கிற காலத்தில் அவர் நீலப்படங்களில் நடித்திருந்தார். சுசுகி ஒளியவில்லை. இதழ்களுக்குப் பத்தி எழுதினார்.

அந்தச் செய்திக்கு ஓராண்டு முன்பே, தோக்கியோ பல்கலைக்கழகத்தில் செய்த முதுகலை ஆய்வை அவர் நூலாக்கியிருந்தார். நீலப்பட நடிகைகள் தங்களைப் பற்றி ஏன் இவ்வளவு சரளமாகப் பேசுகிறார்கள் என்பதே அதன் கேள்வி. வாய்ப்புக் கேட்டுப் போனால் நேர்காணல். படம் வந்தால் இதழ்ப் பேட்டி. எங்கும், "ஏன் இந்தத் தொழிலுக்கு வந்தாய்?" என்பதுதான். சொல்லிச் சொல்லிப் பதில் மெருகேறுகிறது. கடைசியில் அந்தப் பதிலே அவள் கதையாகிவிடுகிறது. கேட்பவர் நாற்காலியிலும் சொல்பவர் நாற்காலியிலும் உட்கார்ந்து பார்த்தவருக்குத்தான் இது கண்ணில் படும். என்னை அதிகம் யோசிக்க வைத்தது இந்த இடம்தான்.

பின்னர் நாவலுக்கு வந்தார். 1935 முதல் வழங்கப்படும் அகுதாகவா பரிசுக்கு அவர் படைப்புகள் அடுத்தடுத்து இருமுறை இறுதிப் பட்டியலில் இடம்பெற்றன.

சன்னி லியோனியும் எழுதியிருக்கிறார். கனடாவில் பிறந்த பஞ்சாபிப் பெண். நீலப்படங்களிலிருந்து 2012இல் இந்தி சினிமாவுக்கு வந்தார். 2016இல் ஜகர்நாட் பதிப்பகம் அவருடைய 12 சிறுகதைகளைக் கைப்பேசி வாசகர்களுக்காக வெளியிட்டது.

நாம் வாழும் மலேசியாவில் 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டப்படி, ஆபாசப் படத்தைக் கைவசம் வைத்திருப்பதே குற்றம்: 10,000 முதல் 50,000 ரிங்கிட் வரை அபராதம், அல்லது 5 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும். பிரிக்ஃபீல்ட்ஸ் சாப்பாட்டுக் கடையிலோ கிள்ளானில் ஒரு கல்யாண வீட்டிலோ இந்தப் பெண்களின் பெயர் வந்தால் குரல் தாழ்வதில் வியப்பில்லை. ஆனால் இந்தச் சட்டம் தடுப்பது படத்தை. அவர்கள் எழுதியதைப் படிக்க நாம் ஏன் கூச வேண்டும்?

மலையாளப் பட நடிகை ஷகிலாவின் கதை வேறு. அவர் நடித்தவை தணிக்கைச் சான்றிதழ் வாங்கித் திரையரங்கில் ஓடிய படங்கள்; ஜப்பானியத் தொழிலோடு அவற்றைச் சேர்த்துப் பேசுவது நியாயமல்ல. 2000இல் வந்த 'கின்னாரத் தும்பிகள்' கேரளத்தில் பெரும் வசூல் கண்டது. கவர்ச்சி என்ற ஒரே சொல்லால் அவரை அளந்த ஊருக்கு, 2013இல் மலையாளத்தில் வெளிவந்த தன்வரலாற்றில் தன் வீட்டுக் கதையை அவரே சொன்னார்.

இன்னும் ஒருவரைச் சொல்லியாக வேண்டும். நடிகை அல்ல, ஆனால் எழுத்துரிமை என்றால் என்னவென்று காட்டியவர்: நளினி ஜமீலா. பாலியல் தொழிலாளியான அவருடைய தன்வரலாறு 2005இல் மலையாளத்தில் வந்ததும் பதிப்பு மேல் பதிப்பு போனது. இன்னொருவர் துணையோடு எழுதப்பட்ட நூல் அது. விற்பனை அவரைச் சமாதானப்படுத்தவில்லை. அதில் தன் குரல் சரியாக வரவில்லை என்று சொல்லி, மொத்தக் கதையையும் மறுபடி எழுதி வெளியிட்டார்.