உண்ணத்தக்க சொறிமுட்டை வளர்ப்பு

உண்ணத்தக்க சொறிமுட்டைகள் என்பவை மனிதர் உணவுக்காகப் பிடித்தும் வளர்த்தும் வருகின்ற சொறிமுட்டை இனங்களாகும். இவை இழுதுமீன், ஜெல்லி மீன் எனவும், மீனவர் பேச்சில் சுருக்கமாகச் சொறி எனவும் வழங்கப்படுகின்றன. பெயரில் மீன் இருந்தாலும் இவை மீன்கள் அல்ல. எலும்பும் மூளையும் இல்லாத இவை, பவளத்துக்கும் கடற்சாமந்திக்கும் உறவான குழியுடலிகள் ஆகும். சீனாவில் 1,700 ஆண்டுகளுக்கும் மேலாகச் சொறிமுட்டை உண்ணப்பட்டு வருகிறது. உலகில் பல இனங்கள் உணவுக்காகப் பிடிக்கப்பட்டாலும், பெரிய அளவில் வளர்க்கப்படுவது ரோபிலேமா எஸ்குலென்டம் என்ற இனமே. இதன் வளர்ப்பு பெரும்பாலும் வடகிழக்குச் சீனாவின் லியாவோனிங் மாகாணத்திலும் போஹாய் கடலின் பிற கரைகளிலும் நடைபெறுகிறது. கண்ணுக்குத் தெரியும் பெரிய குடையைவிட, சிப்பி ஓட்டில் ஒட்டி வாழும் மிகச் சிறிய பாலிப்பைக் காப்பதையே இவ்வளர்ப்பு பெரிதும் சார்ந்துள்ளது.

உடலமைப்பு

உண்ணப்படும் சொறிமுட்டைகளில் பெரும்பாலானவை ரைசோஸ்டோமே என்ற வரிசையைச் சேர்ந்தவை. இவற்றின் உடல் குடை, வாய்க்கைகள் என இரு பகுதிகளைக் கொண்டது. மற்றச் சொறிமுட்டைகளில் காணப்படுவதுபோல் குடையின் விளிம்பில் நீண்ட உணர்கொம்புகள் இவற்றுக்கு இல்லை. குடையின் நடுவில் ஒரே வாய் இருப்பதற்கு மாறாக, தடித்த வாய்க்கைகள் முழுவதும் எண்ணற்ற நுண்ணிய வாய்த்துளைகள் உள்ளன. நீரில் மிதக்கும் நுண்ணுயிர்களும் சிறு இறால் வகை உயிர்களும் இத்துளைகளின் வழியே உணவாகின்றன.

உடலின் பெரும்பகுதி நீர். இரண்டு மெல்லிய செல் அடுக்குகளுக்கு இடையே உள்ள மீசோகிளியா என்ற கூழ்ப்பொருளே உடலுக்கு உருவம் தருகிறது. இதில் கொலாஜன் என்ற புரத இழைகள் பின்னிக் கிடக்கின்றன. ரைசோஸ்டோமே வரிசையினங்களில் இப்பகுதி தடித்தும் இறுகியும் இருப்பதால், உப்பிட்ட பின் கரைந்து போகாமல் மொறுமொறுப்பாகிறது. மற்றப் பல இனங்கள் உணவுக்குப் பயன்படாமல் போவதற்கு அவற்றின் மென்மையே முக்கியக் காரணம்.

இருவகை வாழ்க்கை

ரோபிலேமா எஸ்குலென்டத்தின் வாழ்வில் நீந்தும் பருவம், ஒட்டி வாழும் பருவம் என இரண்டு உண்டு. குடை வடிவில் நீந்தும் பருவம் மெடுசா எனப்படுகிறது. இதில் ஆணும் பெண்ணும் தனித்தனியே உள்ளன. கோடையில் விரைவாக வளரும் மெடுசா, இலையுதிர் காலத்தில் முதிர்ந்து இனப்பெருக்கம் செய்தபின் இறந்துவிடும். அதன் வாழ்நாள் ஓராண்டுக்கும் குறைவு.

கருவுற்ற முட்டையிலிருந்து மயிரிழைகளால் நீந்தும் பிளானுலா என்ற இளவுயிரி வெளிவருகிறது. அது ஓடு, கல் போன்ற கெட்டியான பரப்பில் ஒட்டிக்கொண்டு பாலிப்பாக மாறுகிறது. சில மில்லிமீட்டர் அளவே உள்ள பாலிப்பு குளிர்காலத்தைக் கடந்து வாழக்கூடியது. அது தான் ஒட்டியிருக்கும் பரப்பின் மேல் மெல்ல நகரும்போது, விட்டுச்செல்லும் இடத்தில் போடோசிஸ்ட் எனப்படும் சிறிய உறைப்பொதியை உண்டாக்குகிறது. அப்பொதியிலிருந்து பின்னர் ஒரு புதிய பாலிப்பு தோன்றும். இவ்வாறு, ஒரு முட்டையிலிருந்து வந்த பாலிப்பு இணை இல்லாமலே பலவாகப் பெருகுகிறது.

வசந்த காலத்தில் நீர் சூடேறத் தொடங்கியதும் பாலிப்பின் மேற்பகுதி குறுக்கே பிளவுபட்டு, தட்டுகளை அடுக்கி வைத்ததுபோல் ஆகிறது. ஒவ்வொரு தட்டும் பிரிந்து எஃபிரா என்ற சிறு குஞ்சாக நீந்திச் செல்கிறது. எஃபிரா வளர்ந்து மெடுசாவாகிறது. ஒரு பாலிப்பு பல எஃபிராக்களைத் தந்த பிறகும் உயிரோடு இருக்கும். இவ்வினத்தின் முழு வாழ்க்கைச் சுழற்சியைச் சீன ஆய்வாளர்கள் 1981-இல் விளக்கினர். செயற்கை முறையில் குஞ்சு உற்பத்தி செய்வதற்கு அதுவே அடிப்படையாயிற்று.

வளர்ப்பு தேவைப்பட்டதன் காரணம்

உலகின் பல கடல்களில் சொறிமுட்டைகள் அளவுக்கு மீறிப் பெருகுவது குறித்து மீனவரும் மின்நிலையங்களும் முறையிடுகின்றனர். ஆனால் உணவுக்கு மிகவும் விரும்பப்படும் இனமோ போஹாய் கடலின் லியாவோடோங் விரிகுடாவில் குறைந்துபோனது. இந்த முரணுக்கு விடை வாழ்க்கைச் சுழற்சியிலேயே உள்ளது. மெடுசா கோடையில் பிடிக்கப்படுகிறது. முட்டையிடுவதோ இலையுதிர் காலத்தில். கோடையில் எல்லாவற்றையும் பிடித்துவிட்டால், முட்டையிட எஞ்சுபவை சில மட்டுமே. அதனால் அடுத்த ஆண்டுக்கான பாலிப்புகளும் குறைகின்றன.

ஒவ்வொரு மீனவரும் மற்றவருக்கு முந்திச் சிறியவற்றையும் பிடித்ததால் நிலை மோசமானது. பிடிப்புத் தொடங்கும் நாளை அரசே அறிவித்து, சில வாரங்களுக்கு மட்டும் அனுமதி அளிக்கும் முறை இதனால் வந்தது. ஒரே விரிகுடாவில் வாழும் நெமோபிலேமா நொமுராய் என்ற இராட்சதச் சொறிமுட்டை 2 மீட்டர் விட்டமும் 200 கிலோகிராம் எடையும் எட்டக்கூடியது. அதையும் உண்ணலாம் என்றாலும் விலை குறைவு. எனவே சொறிமுட்டைகள் பெருகுகின்றன என்ற பொதுவான கூற்று எல்லா இனங்களுக்கும் பொருந்தாது.

குஞ்சு உற்பத்தி

குஞ்சுப் பொரிப்பகத்தில் முதிர்ந்த ஆண், பெண் மெடுசாக்கள் இலையுதிர் காலத்தில் தொட்டியில் விடப்படுகின்றன. முட்டைகள் கருவுற்றுப் பிளானுலாக்கள் தோன்றியதும், அவை ஒட்டுவதற்காக நெளிவுள்ள நெகிழித் தகடுகளோ சிப்பி ஓடுகளோ நீரில் தொங்கவிடப்படுகின்றன. ஒட்டிய பாலிப்புகளுக்கு, உவர்நீரில் வாழும் ஆர்ட்டீமியா என்ற சிறு உயிரியின் குஞ்சுகள் உணவாகத் தரப்படுகின்றன. குளிர்காலம் முழுவதும் பாலிப்புகள் குளிர்ந்த நீரில், குறைந்த உணவோடு காக்கப்படுகின்றன.

இக்காலத்தில் தகட்டின் தூய்மை மிகவும் முக்கியம். பாசியும் பிற ஒட்டுயிர்களும் பரவினால் பாலிப்புகள் மூடப்பட்டு அழியும். பாலிப்புகளைத் தின்னும் ஓடற்ற கடல் நத்தைகள் உள்ளே நுழைந்தாலும் இழப்பு ஏற்படும். வசந்தத்தில் நீரின் வெப்பத்தைச் சிறிது சிறிதாக உயர்த்தினால் பாலிப்புகள் ஏறத்தாழ ஒரே காலத்தில் எஃபிராக்களை விடுகின்றன. இதனால் விடுவிப்புக்கும் குளத்துக்கும் வேண்டிய நாளில் குஞ்சுகள் கிடைக்கின்றன. குடை சுமார் 1 சென்டிமீட்டர் விட்டம் அடைந்ததும் அவை தொட்டியிலிருந்து வெளியேற்றப்படுகின்றன.

கடலில் விடுதல்

லியாவோடோங் விரிகுடாவில் குஞ்சுகளைக் கடலில் விடும் சோதனைகள் 1984-இல் தொடங்கின. 2005-இலிருந்து இது பெரிய அளவில் நடைபெறுகிறது. 2005, 2006 ஆகிய இரண்டு ஆண்டுகளில் மட்டும் 40 கோடிக்கும் மேற்பட்ட குஞ்சுகள் விடப்பட்டன. அவற்றில் சுமார் 3 விழுக்காடு மட்டுமே பின்னர் வலையில் கிடைத்தன. இது குறைவாகத் தோன்றினாலும் நட்டமல்ல. ஒரு பாலிப்பே பல குஞ்சுகளைத் தருவதால் குஞ்சின் செலவு சிறிது. விடும்போது ஒரு கிராமைக்கூட எட்டாத குஞ்சு, சில மாதங்களில் கிலோகிராம் கணக்கில் எடை பெறுகிறது. இடையில் அதற்குத் தீவனம் தருவது கடலே.

ஆயினும் இம்முறைக்கு வரம்பு உண்டு. விடப்படுபவையும் கோடையிலேயே பிடிக்கப்பட்டுவிடுவதால், அவை முட்டையிட்டு இயற்கை இருப்பைப் பெருக்குவது அரிது. எனவே ஆண்டுதோறும் மீண்டும் மீண்டும் விடவேண்டியுள்ளது. ஆற்று நீர் வரத்தும் வெப்பமும் மாறினால் விளைச்சலும் மாறும்.

குளத்தில் வளர்த்தல்

கடலோரத்தில் உள்ள பெரிய உவர்நீர்க் குளங்கள் இதற்குப் பயன்படுகின்றன. இவற்றில் பல முன்னர் இறால் வளர்க்கப்பட்டவை. குஞ்சுகள் வசந்த இறுதியில் விடப்பட்டு, ஏறத்தாழ இரண்டு மாதங்களில் அறுவடை செய்யப்படுகின்றன. நீரில் நுண்ணுயிர்கள் செழிக்கும்படி உரமிடுவதும் நீரை மாற்றுவதும் வழக்கம். மெடுசா காற்றாலும் நீரோட்டத்தாலும் எளிதில் கரைக்கு ஒதுக்கப்படும்; மண்ணில் உரசினால் குடை கிழியும். அதைத் தடுக்கக் கரையை ஒட்டி வலை கட்டப்படுகிறது. பெருமழையால் நீரின் உப்பு திடீரெனக் குறைந்தாலும் அவை நலிந்துவிடும்.

லியாவோனிங்கில் சொறிமுட்டையோடு இறால், கத்திச்சிப்பி ஆகியவற்றையும் ஒரே குளத்தில் வளர்க்கின்றனர். சொறிமுட்டை நீரின் நடுப்பகுதியிலும், சிப்பி அடிச்சேற்றிலும் உணவு தேடுவதால் ஒன்றுக்கொன்று போட்டி குறைவு. ஒன்றில் இழப்பு வந்தாலும் மற்றொன்று கைகொடுக்கும்.

பதப்படுத்தல்

பிடித்த சொறிமுட்டை வெயிலில் சில மணி நேரத்திலேயே கெடத் தொடங்கும். எனவே குடையும் வாய்க்கைகளும் உடனே பிரிக்கப்பட்டு, சளி நீக்கிக் கழுவப்படுகின்றன. பின்னர் உப்பும் படிகாரமும் கலந்த கலவையில் பலமுறை அடுக்கப்படுகின்றன. உப்பு நீரை வெளியேற்றுகிறது. படிகாரம் அமிலத்தன்மையைக் கூட்டிக் கொலாஜனை இறுக்குகிறது. இதற்கு 20 முதல் 40 நாட்கள் ஆகும். முடிவில் கிடைக்கும் எடை, பச்சை எடையில் 7 முதல் 10 விழுக்காடுதான். அதில் 60 முதல் 70 விழுக்காடு நீரும், 16 முதல் 25 விழுக்காடு உப்பும் உள்ளன. உண்பதற்கு முன் பல மணி நேரம் நீரில் ஊறவைத்து உப்பை நீக்கி, மெல்லிய கீற்றுகளாக வெட்டி, எள்ளெண்ணெயும் புளிக்காடியும் சேர்த்துப் பரிமாறுவர்.

உப்பு நீக்கிய சொறிமுட்டையில் கொழுப்பும் மாவுச்சத்தும் இல்லை எனலாம். புரதம் சுமார் 5 விழுக்காடு. ஆனால் படிகாரத்திலிருந்து வரும் அலுமினியம் அதில் தங்கிவிடுகிறது. ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2008-இல் நிர்ணயித்த வரம்பு, உடல் எடையில் ஒரு கிலோகிராமுக்கு வாரம் 1 மில்லிகிராம் அலுமினியம் ஆகும். அடிக்கடி உண்பவர்கள், குறிப்பாகக் குழந்தைகள், இந்த வரம்பைத் தாண்டக்கூடும். ஆகவே படிகாரத்தைக் குறைத்தோ தவிர்த்தோ பதப்படுத்தும் முறைகள் ஆராயப்படுகின்றன.

இந்தியக் கரைகளில்

தமிழ்நாடு, ஆந்திரப் பிரதேசம், கேரளம், குஜராத் ஆகிய மாநிலங்களின் கரைகளில் உண்ணத்தக்க சொறிமுட்டைகள் பிடிக்கப்பட்டு, உப்பும் படிகாரமும் இட்டுக் கிழக்காசிய, தென்கிழக்காசிய நாடுகளுக்கு ஏற்றுமதி செய்யப்படுகின்றன. கிழக்குக் கரையில் கிராம்பியோனெல்லா பேரினமும், குஜராத்தில் ரோபிலேமா ஹிஸ்பிடமும் குறிப்பிடத்தக்கவை. உள்ளூரில் உண்ணும் வழக்கம் இல்லாததால், ஏற்றுமதியாளர் கேட்கும் ஆண்டில் வருமானமும் கேட்காத ஆண்டில் கிழிந்த வலையுமே மீனவருக்கு மிஞ்சுகின்றன. இங்கு நடப்பது பிடிப்பே தவிர வளர்ப்பு அல்ல. உண்ணப்படும் பல இனங்களின் பாலிப்புகள் இயற்கையில் எங்கே ஒட்டி வாழ்கின்றன என்பது இன்னும் கண்டறியப்படவில்லை. அவ்விடம் தெரியாத நிலையில், ஓர் ஆண்டின் பெரும் பிடிப்பைக் கொண்டு அடுத்த ஆண்டின் வரவைக் கணிக்க இயலாது. முட்டையிடும் காலத்துக்கு முன்னரே முழுவதையும் பிடித்துவிட்டால் நேர்வது என்ன என்பதற்கு லியாவோடோங் விரிகுடா எடுத்துக்காட்டாக உள்ளது.