பச்சைக்கு முன் சாம்பல்

காமிக்ஸ் நாயகன் ஹல்க் பிறந்தபோது பச்சை இல்லை என்றால் என் பேரன் நம்ப மாட்டேன் என்கிறான். 1962 மே மாதத் தேதியிட்டு அமெரிக்காவில் வந்த முதல் ஹல்க் இதழில் அவன் சாம்பல் நிறம். கதை ஸ்டான் லீ, படம் ஜாக் கிர்பி. சாம்பல்தான் வேண்டும் என்று கேட்டவர் லீ. அச்சாகி வந்தால் ஒரு கட்டத்தில் வெளிர்ச் சாம்பல், அடுத்ததில் கரிக்கட்டை, இன்னொன்றில் பச்சையோ என்று சந்தேகம். இரண்டாம் இதழிலேயே பச்சையாக்கிவிட்டார்கள்.

முப்பது வருடம் ஆஃப்செட் அச்சு மிஷினோடு மாரடித்தவன் நான். எனக்கு இதில் சிரிப்பு வரவில்லை. ஒரு காலண்டர் வேலையில் கோயில் யானை காலையில் சாம்பலாக ஓடியது, சாப்பிட்டு வந்து பார்த்தால் ரோஸ் யானை. மெஜெந்தா மை கூடிவிட்டதை நான்தான் கவனிக்கவில்லை.

அன்றைய அமெரிக்க காமிக்ஸில் கறுப்பு பிளேட் கோட்டுக்கு மட்டும். நிறமெல்லாம் நீலம், சிவப்பு, மஞ்சள் புள்ளிகள். ஒவ்வொன்றிலும் கால், அரை, முழுசு, இல்லையென்றால் வெறுமை. நான்கை மூன்று முறை பெருக்கினால் 64. அத்தனை நாயகர்களும் இந்த 64-க்குள்தான் உடுத்திக்கொள்ள வேண்டும். காகிதமோ மையைக் குடிக்கும் நியூஸ்பிரிண்ட். சாம்பலுக்கு மூன்று மையும் அளவு பிசகாமல் விழ வேண்டும். ஒன்று தூக்கினால் நிறம் அந்தப் பக்கம் சாய்ந்துவிடும். பச்சைக்கு மஞ்சளும் நீலமும் போதும், கொஞ்சம் முன்பின் ஆனாலும் பச்சை பச்சைதான். 1938-இல் வந்த சூப்பர்மேனின் சிவப்பு மேலங்கி இன்னும் சுலபம்: முழு மஞ்சள் மேல் முழுச் சிவப்பு. தூங்கிக்கொண்டே ஓட்டலாம்.

கறுப்பிலும் சிக்கல்தான்: பேட்மேனின் கறுப்பு மேலங்கியில் மடிப்பு தெரிய நீலம் பூசினார்கள். பல வாசகர்களுக்கு அது நீல மேலங்கியாகவே நின்றுவிட்டது.

ஹல்க்கை வெளியிட்ட மார்வெலில் வண்ணம் பார்த்தவர் ஸ்டான் கோல்ட்பெர்க். பளிச்சென்ற சிவப்பு, நீலம், மஞ்சளை நாயகர்களுக்குக் கொடுத்தார்; ஸ்பைடர்மேனின் சிவப்பு நீலத்தை நினைத்துப் பாருங்கள். அவனை எதிர்த்த கிரீன் காப்ளினுக்குப் பச்சையும் ஊதாவும், டாக்டர் ஆக்டோபஸுக்குப் பச்சை. எதிர் முகாமான டிசியில் ஜோக்கருக்கும் ஊதா கோட்டு, பச்சைத் தலைமுடி. அப்படிப் பார்த்தால் ஹல்க்கின் பச்சை உடம்பும் ஊதா கால்சட்டையும் வில்லன் வீட்டுத் துணி. ஊர் அடித்து விரட்டும் அரை அரக்கனுக்கு அது பொருந்தித்தான் போயிற்று. யோசித்துச் செய்ததல்ல என்பதுதான் எனக்குப் பிடித்தது.

அந்த ரோஸ் யானைக் காலண்டர் ஒன்று பரணில் கிடக்கிறது. எடுத்து மாட்டு தாத்தா என்று பேரன் இரண்டு நாளாய் நச்சரிக்கிறான்.