மூச்சு விடும் தீவு

நேயர்களே, கால் வைத்த தீவு மூச்சு விட்டால் எப்படி இருக்கும்?

ஆயிரத்தொரு இரவுகள் கதைகளில் வரும் சிந்துபாத்துக்கு முதல் பயணத்திலேயே அது நேர்ந்தது. மரங்கள் வளர்ந்த ஓர் அழகிய தீவில் மாலுமிகள் இறங்கிச் சமைக்க அடுப்பு மூட்டினார்கள். சூடு பட்டதும் தீவு அசைந்தது. அது தீவல்ல, நெடுங்காலம் அசையாமல் கிடந்த ஒரு பெரிய மீன்! கணப்பொழுதில் அது கடலுக்குள் மூழ்கியது.

இந்தக் கற்பனை அரபுக் கதைக்கு மட்டும் உரியதல்ல. 'பிசியோலோகஸ்' என்னும் பழைய கிரேக்க நூலில் தீவு போன்ற இந்த உயிருக்கு அஸ்பிடோகெலோன் என்று பெயர். அயர்லாந்துக் கதையில் அதுவே யாஸ்கோனியஸ். 6ஆம் நூற்றாண்டுத் துறவி பிரெண்டன், தம் தோழர்களோடு அதன் முதுகில் ஈஸ்டர் திருநாளைக் கொண்டாடினார் என்கிறது அந்தக் கதை. கிரேக்க மொழியில் எழுதிய லூசியனோ ஒருபடி மேலே போனார். 2ஆம் நூற்றாண்டில் அவர் படைத்த திமிங்கிலத்தின் வயிற்றுக்குள் காடும் கோயிலும் மனிதர்களும் இருந்தார்கள்.

இதில் உண்மையின் சாயலும் உண்டு. சாம்பல் திமிங்கிலத்தின் தோலில் ஓடுள்ள சிற்றுயிர்கள் ஒட்டிக்கொள்கின்றன. திமிங்கிலப் பேன்கள் குடியிருக்கின்றன. தொலைவிலிருந்து பார்த்தால் கரடுமுரடான பாறை போலவே தெரியும்.

ஆம் நேயர்களே, ஒரு திமிங்கிலம் பல உயிர்களைச் சுமந்து நீந்தும் உயிருள்ள தீவுதான். அதைக் காப்பது ஓர் உலகத்தையே காப்பதாகும்!